எள்ளளவு உயிரும் 6,700 கோடி மடங்கு ஈர்ப்பும்

ஒரு நாவலைப் படித்து முடித்த கையோடு கால்குலேட்டரை எடுத்து, அதில் சொன்னது சரிதானா என்று போட்டுப் பார்க்க முடியுமா? ராபர்ட் எல். ஃபார்வர்ட் எழுதி 1980-ல் வெளிவந்த ‘டிராகன்ஸ் எக்’ நாவலைப் போட்டுப் பார்க்கலாம். கதை நடப்பது ஒரு நியூட்ரான் விண்மீனின் தரையில். அதன் குறுக்களவு 20 கிலோமீட்டர். நிறை சூரியனில் பாதி. நொடிக்கு 5 முறை தன்னைத்தானே சுற்றிக்கொள்கிறது. முதல் இரண்டு எண்களையும் பிளஸ் ஒன் பாடப்புத்தகத்தில் உள்ள நியூட்டனின் ஈர்ப்புச் சூத்திரத்தில் போட்டால், அந்தத் தரையில் ஈர்ப்பு பூமியைப்போல் ஏறத்தாழ 6,700 கோடி மடங்கு என்று வரும். நாவலில் இருப்பதும் அதுதான். புத்தகத்தின் கடைசியில் ஒரு தொழில்நுட்பப் பின்னிணைப்பே இருக்கிறது. நியூட்ரான் விண்மீனின் மேலோடு எப்படிப்பட்டது, காந்தப்புலம் எவ்வளவு, அங்கே வாழும் உயிரின் உடம்பு எப்படி இயங்குகிறது என்றெல்லாம் அதில் எழுதிவைத்திருக்கிறார். ஃபார்வர்டின் பிழைப்பே இயற்பியல்தான். கலிபோர்னியாவின் மாலிபுவில் இருந்த ஹியூஸ் ஆய்வுக்கூடத்தில் 1987 வரை வேலை பார்த்தவர் அவர்.

இப்படிக் கணக்குப் பார்த்து எழுதுவதைக் ‘கறாரான அறிவியல் புனைகதை’ என்கிறார்கள். இந்த வகை மீது இலக்கிய வாசகர்களுக்குப் பழைய சந்தேகம் ஒன்று உண்டு: கணக்கு வந்து உட்கார்ந்தால் கற்பனை எழுந்து போய்விடும், விஞ்ஞானி எழுதும் கதை சட்டை மாட்டிக்கொண்டு வந்த பாடப்புத்தகமாகத்தான் இருக்கும். எனக்கு இது தலைகீழாகத் தெரிகிறது. கட்டுப்பாடில்லாத கற்பனை பெரும்பாலும் பழகிய இடத்துக்கே திரும்பிவிடுகிறது. சினிமாவில் எத்தனை வேற்றுக்கிரகவாசிகளைப் பார்த்திருக்கிறோம். இரண்டு கை, இரண்டு கால், நெற்றியில் மட்டும் கொஞ்சம் ரப்பர். தங்கள் இஷ்டத்துக்கு எதையும் படைக்கும் உரிமை இருந்தவர்கள் படைத்தது அவ்வளவுதான். வெண்பா எழுதிப் பழகியவர்களுக்கு இதன் மறுபக்கம் தெரியும். தளை தட்டக் கூடாது என்ற நிபந்தனைதான், தானாக நினைத்திருக்கவே மாட்டாத ஒரு சொல்லைக் கொண்டுவந்து கையில் கொடுக்கும். ஃபார்வர்டுக்குச் சமன்பாடு செய்தது அந்த வேலையைத்தான். கதையைத் திருத்துகிற வாத்தியாராக அது கடைசியில் வரவில்லை. கதையைக் கண்டுபிடித்ததே அது.

நியூட்ரான் விண்மீனில் உயிர் என்ற பொறி அவருடையதல்ல. 1967-ல் கேம்பிரிட்ஜில் ஜோசலின் பெல் முதல் துடிப்பு விண்மீனைக் கண்டபின், சுழலும் நியூட்ரான் விண்மீன்கள் உண்மையிலேயே இருக்கின்றன என்று உறுதியானது. 1973-ல் வானியலாளர் ஃபிராங்க் டிரேக், அப்படிப்பட்ட ஒன்றின் மேல் உயிர் இருக்கக்கூடும், அதன் வாழ்வு நம்மைவிடப் பல மடங்கு வேகத்தில் ஓடும் என்று யோசித்துச் சொன்னார். ஃபார்வர்ட் அதை எடுத்துக்கொண்டு ஒவ்வொரு படியாக இறங்கினார். புத்தியுள்ள உயிருக்கு வேண்டிய சிக்கலான அமைப்பு மனித உடம்பின் அளவுக்காவது பொருளைக் கேட்கும் என்று வைத்துக்கொண்டால், நிறை 70 கிலோ. அந்த மேலோட்டில் ஒரு கன சென்டிமீட்டர் பொருளின் நிறை ஏறக்குறைய 7 டன். 70 கிலோவை அந்த அடர்த்தியால் வகுத்தால் கிடைக்கும் பருமன் ஓர் எள்ளின் அளவு. அந்த ஈர்ப்பில் எள் உருண்டையாக நிற்க முடியாது. நசுங்கிப் பரவ வேண்டும். ஆகவே ‘சீலா’ என்று அவர் பெயரிட்ட அந்த உயிர், 5 மில்லிமீட்டர் குறுக்களவும் அரை மில்லிமீட்டர் உயரமும் கொண்ட தட்டையான உடம்பாகிறது. யாரோ ஓவியர் உட்கார்ந்து வரைந்த உருவமல்ல இது. வகுத்தல் கணக்கின் விடை.

உடம்பு கிடைத்ததும் மனமும் கிடைக்கிறது. அங்கேதான் நாவல் என்னை வியக்க வைக்கிறது. அந்த ஈர்ப்பில் ஒரே ஒரு சென்டிமீட்டர் உயரத்திலிருந்து விழும் பொருள் தரையைத் தொடும்போது அதன் வேகம் நொடிக்கு 100 கிலோமீட்டரைத் தாண்டியிருக்கும். அப்படியானால் உயரம் என்பதே மரண பயம். மலை ஏறுவது வீரம் என்ற எண்ணமெல்லாம் அங்கே முளைக்கவே முடியாது. இன்னொன்று, காந்தப்புலம். லட்சம் கோடி காஸ் அளவிலான புலத்தில் பொருள் எல்லாமே புலக்கோடுகளின் திசையில் நீண்டு கிடக்கும். அந்தத் திசையில் நகர்வது எளிது, குறுக்கே நகர்வது சேற்றில் நடப்பதுபோல் கடினம். எனவே சீலாக்களின் திசைகளில் நமது வடக்கும் தெற்கும் இல்லை. எளிய திசை, கடிய திசை என்றே இருக்கின்றன. அவர்களுடைய பயணம், படையெடுப்பு, இடப்பெயர்வு எல்லாவற்றையும் இந்த ஒரு வேறுபாடு தீர்மானிக்கிறது. ஒரு சமூகத்தின் நிலவியலும் அச்சமும் பழக்கவழக்கமும் இரண்டு மூன்று எண்களிலிருந்து வளர்ந்து வருவதைப் பக்கம் பக்கமாகப் பார்க்கிறோம். மனிதக் குணத்தை எடுத்துப் பச்சை வண்ணம் பூசியிருந்தால் இந்த அந்நியம் கிடைத்திருக்காது.

இதைவிடப் பெரிய விளைவு காலம். நம் உடம்பு வேதிவினைகளால் ஓடுகிறது. எலக்ட்ரான்கள் அணுவுக்கு அணு கைமாறும் வேலை அது. சீலாவின் உடம்பிலோ அணுக்கருக்கள் நெருக்கியடித்துக் கிடக்கின்றன. அவற்றுக்கிடையே நடப்பது அணுக்கரு வினை. அது சுமார் 10 லட்சம் மடங்கு வேகமானது. ஆகவே சீலாவின் ஆயுள் நம் கடிகாரத்தில் ஒரு மணி நேரத்துக்கும் குறைவு. விண்மீனை ஆராய வந்து வானில் சுற்றும் கப்பலிலிருந்து ஒரு மனிதர் ஐந்து நொடி பேசினால், கீழே கேட்பவருக்கு இரண்டு மாதம் கழிந்திருக்கும். கேள்வி கேட்டவர் பதில் வருமுன் இறந்துபோகலாம். அவர் பேரன் கேட்டுக்கொள்வான். நமது ஒரு நாள் அவர்களுக்கு ஏறத்தாழ 2,700 ஆண்டு. அதனால் கதையின் முக்கியமான பகுதி மனிதர்களுக்கு மிகச் சில நாட்களில் முடிந்துவிடுகிறது. அதற்குள் சீலாக்களின் பேரரசுகள் எழுந்து விழுகின்றன, மதங்கள் தோன்றித் தேய்கின்றன. கற்றுக்கொடுக்கத் தொடங்கிய மனிதர்கள், தூங்கி எழுந்து வருவதற்குள் மாணவர்களாகிவிடுகிறார்கள். கற்பித்தவனைக் கற்றவன் மிஞ்சுவது உலகத்தின் பழைய கதைதான். ஆனால் இவ்வளவு இரக்கமில்லாமல், யாருடைய தீய எண்ணமும் இல்லாமல், வெறும் கால விகிதத்தால் அது நிகழ்வதை வேறெங்கே பார்த்திருக்கிறோம்? அந்த விகிதத்தை ஃபார்வர்ட் கதையின் வசதிக்காகத் தேர்ந்தெடுக்கவில்லை. அணுக்கருவுக்கும் அணுவுக்கும் உள்ள வேறுபாடு கொண்டுவந்து நிறுத்தியது.

கப்பலின் கதை இன்னும் சுவையானது. மனிதர்கள் விண்மீனின் ஒரே இடத்தைத் தொடர்ந்து பார்த்துக்கொண்டிருக்க வேண்டுமென்றால், நம் தகவல்தொடர்பு செயற்கைக்கோள்களைப்போல அதன் சுழற்சியோடு ஒத்துச் சுற்ற வேண்டும். நொடிக்கு 5 சுற்று, பாதிச் சூரிய நிறை என்றால் அந்தச் சுற்றுப்பாதை மையத்திலிருந்து சுமார் 406 கிலோமீட்டரில் அமையும். இதுவும் கையால் போடக்கூடிய கணக்குதான். சுற்றுப்பாதையில் எடை தெரியாது. ஆனால் ஓத விசை விடாது. கடலை ஏற்றி இறக்கும் அதே விசை, அதாவது விண்மீனுக்கு அருகில் இருக்கும் பக்கத்தை அதிகமாகவும் தொலைவில் இருக்கும் பக்கத்தைக் குறைவாகவும் இழுப்பது. அந்த உயரத்தில் இந்த வேறுபாடு ஒரு மீட்டருக்கு ஏறக்குறைய 200 பூமி ஈர்ப்பு. நிற்கும் மனிதனின் தலை ஒரு பக்கமும் கால் ஒரு பக்கமுமாகப் பிய்ந்துவிடும். சாதாரண எழுத்தாளர் இங்கே ‘விசைக்கவசம்’ என்று ஒரு சொல்லைப் போட்டுவிட்டு அடுத்த அத்தியாயத்துக்குப் போயிருப்பார். ஃபார்வர்ட் போகவில்லை. மிகையான அடர்த்தி கொண்ட ஆறு நிறைகளைக் கப்பலைச் சுற்றி வளையமாக நிறுத்தினால், அவற்றின் ஓத விசை விண்மீனின் ஓத விசைக்கு நேரெதிராக இருந்து அதைக் கழித்துவிடும் என்று கணக்குப் போட்டார். கப்பல் ஏன் அவ்வளவு சிறிதாக இருக்கிறது, ஏன் கோள வடிவில் இருக்கிறது, அதில் ஏன் சிலர் மட்டும் அடைந்து கிடக்கிறார்கள் என்பதற்கெல்லாம் விடை அந்த வளையத்தில் இருக்கிறது. கீழேயிருந்து அண்ணாந்து பார்க்கும் சீலாக்களுக்கோ அந்த ஒளிக்கூட்டம் தெய்வத்தின் கண்களாகிறது. ஒரு மதத்துக்கு அது மூலமாகிறது. பொறியியல் சிக்கலுக்குக் கண்ட தீர்வு இறையியலாக மாறுவதைப் பொருத்தமான சொல் இல்லாமல்தான் ‘கதைப்பின்னல்’ என்று சொல்ல வேண்டியிருக்கிறது.

இதற்குப் பின்குறிப்பு ஒன்று உண்டு. நாவல் வந்தது 1980-ல். 1982-ல் ‘ஃபிசிக்கல் ரிவ்யூ டி’ இதழில் ஃபார்வர்ட் ஓர் ஆய்வுக்கட்டுரை வெளியிட்டார். பூமியைச் சுற்றும் ஆய்வுக்கூடம் ஒன்றில், வளையமாக அமைத்த ஆறு கோளங்களைக் கொண்டு பூமியின் ஓத விசையை எப்படிக் கழிப்பது என்பதே அதன் பொருள். கதையில் கப்பலைக் காப்பாற்றிய அமைப்பு, மிகவும் அடக்கமான அளவில், சக அறிஞர்களின் பரிசீலனைக்கு வந்துவிட்டது. இதில் பெரிய அதிசயமில்லை. ஈர்ப்பின் நுண்ணிய வேறுபாடுகளை அளப்பதுதான் அவருடைய வாழ்நாள் தொழில். 1965-ல் மேரிலாந்துப் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் வாங்கினார். ஈர்ப்பலைகளைப் பிடிக்க முதலில் முயன்ற ஜோசப் வெபரின் குழுவில் வேலை செய்தார். 1970-களில், லேசர் கதிரை இரண்டாகப் பிரித்து மீண்டும் சேர்த்து ஈர்ப்பலையைத் தேடும் கருவியின் முதல் முன்மாதிரியை மாலிபுவில் கட்டினார். 2015 செப்டம்பர் 14-ஆம் தேதி, அதே முறையில் இயங்கும் லைகோ கருவிகள் முதல் ஈர்ப்பலையைப் பிடித்தபோது, அவர் இறந்து ஏறத்தாழ 13 ஆண்டுகள் ஆகியிருந்தன.

இரண்டாவது நாவலிலும் இதே போக்குதான். லேசர் முதன்முதலில் ஒளிர்ந்தது 1960 மே மாதம், ஹியூஸ் ஆய்வுக்கூடத்தில், தியடோர் மைமனின் கையில். இரண்டே ஆண்டில், 1962-ல், லேசர் ஒளியால் பெரிய பாயைத் தள்ளி விண்மீன்களுக்குப் போகலாம் என்று ஃபார்வர்ட் எழுதினார். ஒளி தள்ளும், ஆனால் மிக மென்மையாகத் தள்ளும். 100 கோடி வாட் லேசர் ஒளி முழுவதும் பட்டுத் திரும்பினாலும் கிடைப்பது 7 நியூட்டனுக்கும் குறைவு. முக்கால் கிலோ சாமானைத் தூக்கிப் பிடிக்கக்கூடப் போதாது. அதனால்தான் அவருடைய பாய் 1,000 கிலோமீட்டர் அகலம் கேட்டது. போய்ச் சேருவது பாதிதான், நிற்பது எப்படி? பின்னாலிருந்து தள்ளும் ஒளியை வைத்துக்கொண்டு பிரேக் போட முடியுமா? வெளி வளையத்தைக் கழற்றி முன்னால் போகவிட்டு, அதில் பட்டுத் திரும்பும் ஒளியை உள்பாயின் முன்முகத்தில் விழச் செய்தால் கப்பல் வேகம் குறையும் என்றார். ‘ராஷ்வர்ல்ட்’ கதைத்தொடராகவும், 1984-ல் ‘தி ஃப்ளைட் ஆஃப் தி டிராகன்ஃப்ளை’ என்ற நாவலாகவும் வந்தது இந்தப் பயணம்தான். அதே ஆண்டில் விண்கலப் பொறியியல் இதழ் ஒன்றில் இதே முறை ஆய்வுக்கட்டுரையாகவும் வந்தது. 2016-ல் யூரி மில்னரும் ஸ்டீஃபன் ஹாக்கிங்கும் அறிவித்த ‘பிரேக்த்ரூ ஸ்டார்ஷாட்’ திட்டம் இந்தச் சிந்தனையின் வாரிசு. 1,000 கிலோமீட்டர் பாய்க்குப் பதில் சில மீட்டர் பாய், மனிதர்களுக்குப் பதில் சில கிராம் சில்லு. நிற்பதைப் பற்றி அவர்கள் பேசவே இல்லை, கடந்துபோனால் போதும் என்று விட்டுவிட்டார்கள்.

ஃபார்வர்டை மட்டும் வைத்து வாதம் கட்டினால் ஒற்றைக்காலில் நிற்கும். அவருக்கு முன்னோடி கேம்பிரிட்ஜின் ஃபிரெட் ஹாய்ல். 1957-ல் அவர் பெயரில் இரண்டு படைப்புகள் வந்தன. ஒன்று, விண்மீன்களுக்குள் தனிமங்கள் எப்படி உருவாகின்றன என்று மார்கரெட், ஜெஃப்ரி பர்பிட்ஜ் தம்பதியோடும் வில்லியம் ஃபவுலரோடும் சேர்ந்து எழுதிய புகழ்பெற்ற கட்டுரை. மற்றொன்று ‘தி பிளாக் கிளவுட்’ நாவல். சூரியனை நோக்கி ஒரு கரிய வாயுமேகம் வருகிறது. அது எத்தனை தொலைவில் இருக்கிறது, எவ்வளவு வேகத்தில் வருகிறது என்று தெரியாமலேயே வந்துசேரும் நாளைச் சொல்லிவிடலாம்: வானில் அது மறைக்கும் வட்டத்தின் குறுக்களவு மாதத்துக்கு 5 சதவீதம் வளர்கிறதென்றால், 20 மாதத்தில் நம் வாசலில் நிற்கும். இந்த எளிய தர்க்கத்தின் அழகுக்காகவே அந்த அத்தியாயத்தைப் படிக்கலாம். ஆனால் நாவலின் உண்மையான திருப்பம் கணக்கு பொய்ப்பதில் இருக்கிறது. மேகம் சூரியனை நெருங்கும்போது, இயற்பியல் சொல்வதுபோல் நடந்துகொள்ளவில்லை, வேகத்தைக் குறைக்கிறது. எல்லா விளக்கங்களும் தோற்றபின் எஞ்சுவது ஒன்றுதான்: அதற்குப் புத்தி இருக்கிறது. இதே மூளைதான் நான்கு ஆண்டுகளுக்கு முன், விண்மீன்களில் கார்பன் இவ்வளவு உருவாகியிருக்க வேண்டுமென்றால் கார்பன் அணுக்கருவுக்குக் குறிப்பிட்ட ஆற்றல்நிலை ஒன்று இருந்தாக வேண்டும் என்று சொல்லி, கால்டெக்கில் தேடவைத்து, கண்டுபிடிக்கவும் வைத்தது. அந்தத் துறைக்காக 1983-ல் ஃபவுலருக்கு நோபல் பரிசு கிடைத்தது. பரிசைப் பகிர்ந்துகொண்டவர் நம் சென்னை மாநிலக் கல்லூரியில் படித்த சுப்ரமணியன் சந்திரசேகர். ஹாய்லுக்குக் கிடைக்கவில்லை. அந்தக் கணக்கு இன்னும் தீராமல் இருக்கிறது.

இனி எதிர்வாதங்களுக்கு வருவோம். முதலாவது, எல்லோரும் சொல்வது: இந்த நாவல்களில் மனிதர்கள் மரக்கட்டைகள். ஃபார்வர்டைப் பொறுத்தவரை இதை மறுக்க நான் மெனக்கெடப் போவதில்லை. அவருடைய விஞ்ஞானிகள் எல்லோரும் திறமைசாலிகள், நல்லவர்கள், ஒருவரையொருவர் பாராட்டிக்கொள்பவர்கள். இப்படி ஓர் ஆய்வுக்கூடம் உலகத்தில் எங்கும் கிடையாது. அவருடைய நாவலில் உண்மையான பாத்திரம் ஒரு நாகரிகம்தான், தனியாள் யாரும் இல்லை. இது குறை. ஆனால் இந்தக் குறைக்குக் கறார் காரணமா? அதே 1980-ல் இன்னொரு இயற்பியலாளரின் நாவல் வந்தது. கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தின் இர்வைன் வளாகத்தில் பிளாஸ்மா இயற்பியல் கற்பித்த கிரெகரி பென்ஃபோர்ட் எழுதிய ‘டைம்ஸ்கேப்’. ஒளியைவிட வேகமாகச் செல்லும் டாக்கியான் துகள்கள் இருந்தால் கடந்தகாலத்துக்குச் செய்தி அனுப்பலாம், அதனால் முரண்பாடு வரும் என்று 1970-ல் இரண்டு பேரோடு சேர்ந்து ஆய்வுக்கட்டுரை எழுதியவர் அவர். அந்தக் கட்டுரையின் சிக்கல்தான் பத்தாண்டு கழித்து நாவலின் நாடி ஆனது. ஆனால் படித்தபின் நினைவில் நிற்பது டாக்கியான் இல்லை. 1962-ன் லா ஹோயாவில், தன் ஆய்வில் தோன்றும் இரைச்சலை இரைச்சல் என்று தள்ளிவிடவும் முடியாமல், செய்தி என்று சொன்னால் வேலை நிரந்தரமாகாதே என்று அஞ்சவும் வேண்டியிருக்கும் ஓர் இளம் பேராசிரியரின் தவிப்பு, மூத்தவர்களின் ஏளனம், வீட்டில் விரிசல். அந்த நாவல் நெபுலா விருது வாங்கியது. ஃபார்வர்டுக்கு மனிதர்களை எழுத வரவில்லை, பென்ஃபோர்டுக்கு வந்தது. அவ்வளவுதான் விஷயம். கணக்கைப் பழி சொல்லிப் பயனில்லை.

இரண்டாவது எதிர்வாதம் கூர்மையானது. கறார் என்று சொல்லிக்கொள்ளும் எல்லாக் கதைகளிலும் எங்கோ ஓரிடத்தில் ஓர் ஏமாற்று இருக்கிறது, பிறகென்ன கறார்? உண்டுதான். ‘டிராகன்ஸ் எக்’கில் அந்த ஆறு நிறைகளை அவ்வளவு அடர்த்தியாக்க ஒற்றைக் காந்தமுனைத் துகள்கள் பயன்படுகின்றன. கோட்பாட்டில் அவற்றுக்கு இடமுண்டு. இதுவரை யாரும் பிடித்ததில்லை. இதைவிடப் பெரிய சங்கடம், விண்மீனின் நிறை. சந்திரசேகர் கண்ட வரம்பின்படி, இறந்த விண்மீனின் உள்ளகம் சூரியனைப்போல் சுமார் 1.4 மடங்கை எட்டும்போதுதான் சரிந்து நியூட்ரான் விண்மீனாகும். இதுவரை நன்றாக அளக்கப்பட்டவை பெரும்பாலும் 1.2-லிருந்து 2 சூரிய நிறை வரை இருக்கின்றன. பாதிச் சூரிய நிறையில் ஒன்று நிலைத்திருப்பதைச் சமன்பாடுகள் தடுப்பதில்லை. ஆனால் அப்படி ஒன்று பிறப்பதற்கு வழி தெரியவில்லை. ஈர்ப்பைக் கொஞ்சம் தணித்துக்கொள்ள ஃபார்வர்ட் அந்த எண்ணை எடுத்துக்கொண்டார் என்றே படுகிறது. ஆனாலும் இதற்கும் சினிமாவின் விசைக்கவசத்துக்கும் ஒரு வித்தியாசம் இருக்கிறது. முதல் பக்கத்திலேயே ஒரு சலுகையைக் கேட்டு வாங்கிக்கொண்டு, பிறகு 300 பக்கத்துக்கு அதன் விளைவுகளுக்கெல்லாம் கட்டுப்பட்டு நடப்பது ஒன்று. நாயகன் சிக்கிக்கொள்ளும்போதெல்லாம் புதிய சலுகை கண்டுபிடிப்பது வேறு. முன்னதில் வாசகன் எழுத்தாளரோடு சேர்ந்து யோசிக்க முடியும், முந்திக்கொள்ளவும் முடியும். பின்னதில் அவர் என்ன சொன்னாலும் தலையாட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டியதுதான்.

அறிவியல் மாறிவிடும், அப்போது கதையும் காலாவதியாகும் என்பது அடுத்தது. மாறுகிறதுதான். ஃபார்வர்ட் கற்பனை செய்த ராஷ்வர்ல்ட் சுற்றுவது 6 ஒளியாண்டு தொலைவிலிருக்கும் பர்னார்ட் விண்மீனை. அங்கே பெரிய கோள் இருப்பதாக 1960-களில் பீட்டர் வான் டி கேம்ப் சொன்னது பிறகு தவறென்று தெரிந்தது. 2025-ல் உறுதியானவை பூமியைவிடச் சிறிய நான்கு கோள்கள். ஹாய்ல் வாழ்நாள் முழுக்கப் பிடித்துக்கொண்டிருந்த நிலைத்த பிரபஞ்சக் கோட்பாடும் தோற்றுவிட்டது. ஆனால் பிழை என்று நிரூபிக்க முடிவதே இந்தக் கதைகளின் பெருமை என்று எனக்குத் தோன்றுகிறது. லாரி நிவன் 1970-ல் ‘ரிங்வர்ல்ட்’ எழுதினார். ஒரு விண்மீனைச் சுற்றி வளையமாகக் கட்டப்பட்ட உலகம். அடுத்த ஆண்டே பாஸ்டனில் நடந்த மாநாட்டில் எம்.ஐ.டி. மாணவர்கள் ‘அந்த வளையம் நிலைத்து நிற்காது’ என்று கோஷம் போட்டார்கள். கணக்குப்படி அது உண்மை. சற்றே விலகினாலும் வளையம் விண்மீனில் மோதிவிடும். நிவன் கோபித்துக்கொள்ளவில்லை. வளையத்தைச் சரிசெய்யும் எந்திரங்கள் களவுபோனதையே அதன் தொடர்ச்சி நாவலின் கதையாக்கினார். தப்பைக் கண்டுபிடிக்க இடம் கொடுக்காத கதையில் இப்படி ஒரு கொடுக்கல் வாங்கல் நடந்திருக்காது.

இன்னொரு கேள்விக்கு நேர்மையாகப் பதில் சொல்ல வேண்டும்: இயற்பியல் தெரியாதவர்கள் எழுதிய உன்னதமான அறிவியல் புனைகதைகள் இல்லையா? ஏராளம். உர்சுலா லெ குயின் 1969-ல் எழுதிய ‘தி லெஃப்ட் ஹேண்ட் ஆஃப் டார்க்னெஸ்’ என் பட்டியலில் ‘டிராகன்ஸ் எக்’குக்கு மேலேதான் இருக்கும். ஆனால் அவர் என்ன செய்தார் என்று பாருங்கள். மானுடவியலாளர் ஆல்ஃபிரட் குரோபரின் மகள் அவர். ஆண், பெண் என்று நிலையான பிரிவே இல்லாத மனிதர்கள் என்று ஒரே ஒரு நிபந்தனையை வைத்துக்கொண்டு, உறவுமுறை, அரசியல், போர், பேச்சுவழக்கு என்று அதன் விளைவுகளை விட்டுக்கொடுக்காமல் தொடர்ந்தார். கறார் இயற்பியலுக்கு மட்டும் சொந்தமானதல்ல என்பதையே அவர் நாவல் காட்டுகிறது. நான் இயற்பியலாளர்களை முன்னிறுத்துவதற்குக் காரணம், அவர்களுடைய விதிகள் எண்ணால் ஆனவை, யார் வேண்டுமானாலும் சரிபார்க்கலாம் என்பதுதான்.

ஹாய்லின் மாணவர் ஒருவர் இந்தப் பழக்கத்தை மராத்திக்குக் கொண்டுபோனார். கோலாப்பூரில் பிறந்த ஜயந்த் நார்லீகர் கேம்பிரிட்ஜில் ஹாய்லிடம் ஆய்வு செய்தவர். இருவர் பெயராலும் ஓர் ஈர்ப்புக் கோட்பாடு வழங்குகிறது. 1970-களில் மராத்தி விக்ஞான் பரிஷத் நடத்திய போட்டிக்கு, தன் புகழ் நடுவர்களைப் பாதிக்கக் கூடாதென்று, தன் பெயரின் முதலெழுத்துகளைத் திருப்பிப்போட்டு நாராயண் விநாயக் ஜக்தாப் என்ற புனைபெயரில் கருந்துளை பற்றிய கதை அனுப்பி முதல் பரிசு வாங்கினார். 2021-ல் நாசிக்கில் கூடிய மராத்தி இலக்கிய மாநாட்டுக்கு அவரைத் தலைவராக்கினார்கள். 2025 மே 20-ஆம் தேதி புனேயில் காலமானார். சி.பி.எஸ்.இ. மாணவர்களுக்கு அவரை ஒரு கதையின் வழியாகத் தெரிந்திருக்கும்: 1761 பானிபட் போரில் மராத்தியர்கள் வென்றிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்ற உலகத்துக்குள் தவறி விழும் வரலாற்றுப் பேராசிரியர் கங்காதர்பந்த்.

அந்தக் கதையைப் பற்றி எனக்கு இரண்டு மனம். போரில் மராத்தியர் தரப்பில் நின்ற விஸ்வாசராவின் மேல் பாய வேண்டிய குண்டு மயிரிழையில் தவறுகிறது. அந்த ஒரே மாற்றத்திலிருந்து வேறொரு பம்பாய், கிழக்கிந்தியக் கம்பெனி இன்னும் வியாபாரம் நடத்திக்கொண்டிருக்கும் பம்பாய், விரிகிறது. இதுவரை முதல்தரம். பிறகு நண்பர் ஒருவர் வந்து உட்கார்ந்து, எலக்ட்ரானின் நிச்சயமின்மையையும் குவாண்டம் கோட்பாட்டையும் எடுத்துச்சொல்லி முடிச்சை அவிழ்க்கிறார். அங்கே கதை வகுப்பறையாகிவிடுகிறது. மக்களுக்கு அறிவியலைக் கொண்டுசேர்ப்பது நார்லீகரின் வாழ்நாள் லட்சியம், அதை மதிக்கிறேன். ஆனால் கதையைக் கொண்டு அறிவியலைக் கற்பிப்பதும், அறிவியலிலிருந்து கதை முளைப்பதும் ஒன்றல்ல. பானிபட்டின் குண்டு இரண்டாவது வகை, நண்பரின் விரிவுரை முதல் வகை. ஃபார்வர்டுக்கும் விரிவுரை ஆசை குறைவில்லை. எங்கே வைப்பது என்று அவருக்குத் தெரிந்திருந்தது. பின்னிணைப்பில் வைத்தார். வேண்டாதவர்கள் அதைத் தொடாமலேயே புத்தகத்தை மூடிவிடலாம். கதை அவர்களிடம் எதையும் கேட்காது. வேண்டியவர்கள் 406 கிலோமீட்டர் எப்படி வந்தது என்று தாளும் பேனாவுமாக உட்காரலாம்.